மூன்றாவது அழைப்பு

மகள் புகட்டிய தண்ணீர் கழுத்தில் வழிய, அப்பா மறுபடியும் அந்தப் பெயரைக் கூப்பிட்டார்.

நீதிமன்ற வாசலில் நின்று மனுதாரர்களைக் கூப்பிடுவதுதான் அவருக்கு வேலையாக இருந்தது. மூன்று முறை கூப்பிடுவார். ஆள் வராவிட்டால் மனுவின் கதை முடிந்தது. வெண்கலத் தொண்டை என்று வக்கீல்கள் கேலி செய்வார்கள். வீட்டிலும் சாப்பிட மூன்று தரம்தான் அழைப்பு. அதற்குள் வராவிட்டால் தட்டு உள்ளே போய்விடும். இப்போது அந்தத் தொண்டையில் காற்றுதான் மிச்சம். ஆனால் இந்தப் பெயர் மட்டும் தெளிவாக வந்தது.

"யாரும்மா அது?" என்றார் சித்தப்பா.

"வீட்டை இடிக்கக் கூடாதுன்னு கோர்ட்டுல மனு போட்ட ஒரு அம்மா, சித்தப்பா. ஒரு பக்கம் மங்கலா இருக்கு, வேற நகல் வைன்னு திருப்பிக் குடுத்துட்டாங்க. அன்னைக்குத்தான் கடைசித் தவணை. ஜெராக்ஸ் எடுத்துட்டு ஓடி வந்துடுறேன், உள்ளே ஒரு வார்த்தை சொல்லுங்கன்னு அப்பாகிட்ட கேட்டுட்டுத்தான் போனாங்க."

"சொன்னானா?"

"கூப்பிடத்தான் சம்பளம், பேசுறதுக்கு இல்லைன்னு இருந்துட்டார்."

மூன்று முறை கூப்பிட்டாயிற்று. குறை திருத்தப்படவில்லை, மனு தள்ளுபடி. மூச்சிரைக்க வந்தவள் சண்டை போடவில்லை, அழவும் இல்லை. சூடு ஆறாத தாளைப் பிடித்தபடி, "இன்னொரு தடவை கூப்பிடுறீங்களா?" என்று மட்டும் கேட்டாளாம்.

அதன் பிறகு அவள் அந்தப் பக்கமே வரவில்லை. அப்பாவின் தூக்கத்துக்குள் மட்டும் வந்துகொண்டிருந்தாள். அவர் தூக்கத்தில் கூப்பிடும்போதெல்லாம், சிறுமியாக இருந்த மகள் போர்வைக்குள் சுருண்டு வாசல் கதவையே பார்த்துக்கொண்டிருப்பாள். முகம் தெரியாத அந்தப் பெண்மீது அவளுக்குப் பயம். கோபமும்கூட.

"வந்துட்டேன்னு நீ சொல்லிடும்மா. நிம்மதியாப் போகட்டும்," என்றார் சித்தப்பா.

அவள் அப்பாவின் காதருகே குனிந்தாள். "வந்துட்டேன் ஐயா."

அப்பா கண்ணைத் திறந்து அவளை நன்றாகப் பார்த்தார்.

"நீ என் பொண்ணு," என்றார்.

பிறகு வாசல் பக்கம் தலையைத் திருப்பிக் கூப்பிட்டார். சற்றுக் காத்திருந்து இன்னொரு முறை கூப்பிட்டார். மூன்றாவதற்கு வாய் திறந்தது. குரல் வரவில்லை.

மறுநாள் அமரர் ஊர்தி வந்து வாசலில் நின்றது. அப்பாவை ஏற்றியாயிற்று. ஓட்டுநர் எஞ்சினைக் கிளப்பிவிட்டுத் தலையை வெளியே நீட்டினார்.

"இன்னும் யாராச்சும் வரணுமா?"

அவர் குரலை உயர்த்தினார். "யாராச்சும் வரணுமாங்க?"

சித்தப்பா இல்லை என்று கையசைக்கப் போனார்.

"இருங்க!" என்றாள் மகள். தெருக்கோடி வரை கேட்டது. அப்பாவின் தொண்டை அது. "ஒருத்தங்க வரணும்."

"எங்கேர்ந்து வர்றாங்கம்மா?"

அவளுக்குத் தெரியவில்லை. காற்றில் சாத்திக்கொள்ளப் பார்த்த கேட்டை இழுத்து, அடியில் ஒரு செங்கல்லை வைத்தாள்.

ஓட்டுநர் எஞ்சினை அணைத்தார்.