ஆண் தேனீக்கு வைத்த பெயர்

தனி இடஒதுக்கீடு கேட்டுச் சாலை மறியல் நடந்த வாரம் அது. எண்பத்தேழு செப்டம்பர். புளியமரங்களை வெட்டி ரோட்டின் குறுக்கே போட்டிருந்தார்கள். கள்ளக்குறிச்சியிலிருந்து கச்சிராயபாளையத்துக்கு ஒரு டவுன் பஸ்கூட வரவில்லை. பள்ளிக்கூடமும் மூடிக் கிடந்தது. எங்கே சுட்டார்கள், யார் வீட்டுப் பிள்ளை போனான் என்று கேட்டுக் கேட்டு, வீட்டில் இருப்புக் கொள்ளாமல், தைலம்மாள் டீச்சர் ஒரு கொத்தனார் கரண்டியும் சாக்பீஸ் தூளும் எடுத்துக்கொண்டு கோமுகி வாய்க்கால் மேட்டுக்குப் போனாள்.

அந்த மேட்டு மண்ணில்தான் வியர்வைத் தேனீக்கள் பொந்து தோண்டிக் குடியிருந்தன. மரத்தில் கூடு கட்டாது, கூட்டமாக வந்து துரத்தாது. வெயிலில் வேலை செய்கிறவர் முழங்கையில் உட்கார்ந்து வியர்வையை நக்கிவிட்டுப் போகும், அவ்வளவுதான். ஊரில் இதைத் தேனீ என்றே யாரும் மதிப்பதில்லை. ஈ என்று தட்டிவிடுவார்கள். தைலம்மாளும், வெளியூர்க் கல்லூரியில் விலங்கியல் பாடம் நடத்தும் அவள் கணவர் ராஜாங்கமும்தான் இதைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். அவள் தோண்டிக் கொடுப்பாள். அவர் லென்சில் பார்த்து, புது இனமென்றால் பெயர் வைத்து ஆராய்ச்சிப் பத்திரிகைக்கு எழுதுவார்.

அப்படி அவர் பெயர் வைத்தவை இரண்டு. இரண்டுமே லேசியோகுளோசம் என்ற, வாயில் சுலபத்தில் நுழையாத பேரினம். முதலாவது கொழுகொழுவென்று, காலில் மகரந்த மயிரோடு இருந்த ஒரு பெண். அதற்குக் கல்வராயன் மலையின் பெயர். அடுத்தது ஒல்லியாக, நீண்ட உணர்கொம்போடு, முகத்தில் மஞ்சள் பூசிய ஆண். அதற்கு அவர்களுடைய ஒரே மகள் அருள்மொழியின் பெயரை, லத்தீன் வால் ஒட்டி வைத்தார்.

அருள்மொழி மூளைக்காய்ச்சலில் போனவள். அவள் போனபின் ராஜாங்கம் வீட்டில் வாயே திறக்காமல் கிடந்தார். சோறு வேண்டுமா என்றால்கூடத் தலைதான் ஆடும். அந்த ஆண் தேனீக்குப் பெயர் வைத்த அன்றுதான், "தைலம், கொஞ்சம் காபி குடு" என்று வாய் திறந்தார். அந்தக் காபியைப் போட்டபோது அவள் அழுத அழுகை அடுப்புக்குத்தான் தெரியும்.

இப்போது மேட்டில் அவள் ஒரு பொந்துக்குள் சாக்பீஸ் தூளை ஊதினாள். வெள்ளைக் கோடு போகிற வழியே மண்ணைச் சீவிக்கொண்டு போனால் குஞ்சு இருக்கும் அறை வரும். வந்தது. உளுந்து அளவு அறை ஒன்றில், வெளிவரக் காத்திருந்தது மலைப் பெயர்க்காரி. ஒட்டியிருந்த அறையில் நீண்ட கொம்பும் மஞ்சள் முகமுமாக அருள்மொழி.

ஒரே பொந்து. தைலம்மாள் இன்னொரு பொந்தையும் தோண்டினாள். அதிலும் அதே கதை. இரண்டும் வேறு வேறு இனமில்லை. ஒரே இனத்தின் ஆணும் பெண்ணும். ஒரே உயிருக்கு இரண்டு பெயர் விழுந்துவிட்டால் முன்னால் வைத்ததுதான் நிற்கும் என்பது விதி. மலை நிற்கும், மகள் போய்விடுவாள்.

அந்த ஆணை விரலிடுக்கில் வைத்து நசுக்கினால், யாருக்கும் தெரியாமல் முடிந்தது வேலை. அவர் மறுபடி ஊமையாகிவிட்டால் என்ன செய்வது? ஆனால் நசுக்க மனம் வரவில்லை. பாழாய்ப்போனது, அதற்கும் மகளைப் போல மஞ்சள் பூசிய முகம். இரண்டையும் கண்ணாடிக் குழாயில் போட்டுப் பஞ்சடைத்து எடுத்துவந்தாள்.

பஸ் இல்லாததால் ராஜாங்கம் வீட்டிலேயே இருந்தார். அவள் குழாயை மேசைமேல் வைத்தாள். அவர் லென்சில் குனிந்தார். குனிந்தவர் நிமிர நேரமாயிற்று.

"எந்தப் பொந்து?"

"ஒரே பொந்துதாங்க. இன்னொண்ணும் தோண்டிப் பாத்துட்டேன்."

"ஒண்ணுக்கு ஆண் கெடைக்கல, ஒண்ணுக்குப் பொண்ணு கெடைக்கல. ரெண்டும் ஒரே மேட்டுல. மொத வருசப் பசங்களே சொல்லியிருப்பானுங்க. நமக்குத் தோணவே இல்ல, பாரு."

"தோணணும்னு நெனச்சாத்தானங்க தோணும்" என்றாள்.

அவர் பேசுகிறாரே என்று அவளுக்குப் பாதி உயிர் வந்தது. பக்கத்தில் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"பத்திரிகைக்கு எழுதாதீங்க. யாரு வந்து இந்த மேட்டைத் தோண்டப் போறாங்க?"

"எழுதிடுவோம் தைலம். பொய்யான எடத்துல அவ பேரு இருக்க வேணாம்."

"அழிச்சிடுவாங்களா?"

"அழிக்க மாட்டாங்க. மலைப் பேரை எழுதற எடத்துல, அதுக்குக் கீழ இவ பேரும் கெடக்கும்."

"கீழ எதுக்கு? மலைமேல வேற ஈ கெடைக்காமலா போவும்? நான் தேடிக்கினு வர்றேன். அதுக்கு வச்சிடுங்க."

ராஜாங்கம் இல்லையென்று தலையாட்டினார். "முடியாது. தோத்துப்போன பேருன்னாலும் வச்சது வச்சதுதான். இந்தப் பேரினத்துல வேற எதுக்கும் அந்தப் பேரை நான் வைக்கக் கூடாது. உலகத்துல எவனும் வைக்கக் கூடாது."

மகள் போன கையோடு சொந்தபந்தமெல்லாம் வந்து, "இன்னொண்ணு பெத்து அதே பேரை வச்சிடு, அவளே திரும்பி வந்துட்டான்னு நெனச்சிக்க" என்றது. நல்ல மனசோடு சொல்வதுதான், ஊரில் செய்வதுதான். தைலம்மாள்தான் கேட்கப் பொறுக்காமல் கதவைச் சாத்திக்கொண்டாள். அப்படிப்பட்டவள் இப்போது தானே அதைக் கேட்டிருக்கிறாள்.

"எவனும் வைக்க முடியாதா?" என்று மறுபடி கேட்டாள்.

"எவனும் முடியாது. அது அவ ஒருத்திக்குத்தான்."

"அருளு" என்றாள் தைலம்மாள். "ஏ அருளு!" லத்தீன் வால் இல்லாமல் அந்தப் பெயர் அந்த வீட்டில் கேட்டு வருஷக்கணக்காகியிருந்தது. ராஜாங்கம் லென்சை ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டு, அவள் கையைப் பிடித்துக்கொண்டு, அவரும் கூப்பிட்டார்.