வண்டி நுழையும் வாசல்

சோம்ஃபல்வா ஊரில் ஒரு வாசலுக்கு ஒரு குரல். காட்டில் மரம் வெட்டுவதைப் பற்றிப் பேசினாலும் சரி, பன்றி மேய்க்க ஆள் வைப்பதைப் பற்றிப் பேசினாலும் சரி, தெருவைப் பார்த்த வாசல்களைத்தான் எண்ணுவார்கள். வாசல் என்றால் ஆள் ஒருக்களித்து நுழைகிற சந்து அல்ல. காய்ந்த புல் ஏற்றிய மாட்டுவண்டி இரண்டு பக்கமும் இடிக்காமல் உள்ளே போக வேண்டும். போனால் அது வாசல். வரி, சாலை வேலை, ராக்காவல் எல்லாம் அந்த வாசலின் தலையில்தான் விழும். பதிலுக்கு ஊர்க்கூட்டத்தில் ஒரு குரல் கிடைக்கும்.

ஓர்ஷிக்குக்கு வாசல் கிடையாது. புருஷன் காய்ச்சலில் போனபிறகும் அவள் அதே வீட்டில்தான் இருந்தாள். பக்கத்து வீட்டில் அவனுடைய அண்ணன் பெனெதெக். வீடு இரண்டு, அடுப்பு இரண்டு, ஆனால் முற்றமும் வாசலும் ஒன்று. அந்த வாசலுக்கு எப்போதும் பெனெதெக்தான் பேசுவார். பன்றியையும் விறகையும் பற்றிய பேச்சாக இருந்தவரைக்கும் அதில் அவளுக்கு ஒரு குறையும் இல்லை.

இந்தத் தடவை பேச்சு மனுஷரைப் பற்றியதாகிவிட்டது.

தோர்தா நகரத்தில் நாட்டுச் சபை கூடி ஒரு சட்டம் போட்டிருந்தது. எந்த ஊரும் தனக்குப் பிடித்த பிரசங்கியை வைத்துக்கொள்ளலாம், பிடிக்காதவரை யாரும் அந்த ஊரின்மேல் திணிக்கக் கூடாது. அந்தச் சட்டத்தை நம்பித்தான் மாத்தே என்ற இளம் பிரசங்கி வசந்தத்தில் இந்த ஊருக்கு வந்தான். பழைய பாதிரி லோரின்ட்ஸ் சாமி கோயிலுக்குள் லத்தீனில் பூசை வைத்தார். மாத்தே வெளியே, லிண்டன் மரத்தடியில், ஊர் பேசுகிற பேச்சிலேயே பேசினான். "விசுவாசம் கடவுள் கொடுக்கிறது. கழுத்தைப் பிடித்து ஊட்டினால் அது விசுவாசம் இல்லை, விக்கல்" என்றான். பாதி ஊர் சிரித்துக்கொண்டே அவன் பக்கம் போய்விட்டது. ஓர்ஷிக்கும் போனாள். ரொட்டி சுடும் அறையை ஒழித்து அவனுக்கும் அவன் மனைவி தோர்காவுக்கும் கொடுத்தாள்.

இப்போது தோர்கா நிறைமாதம். ஹர்கிதா மலைத்தலையில் பனி விழுந்தாயிற்று. இந்த நேரம் பார்த்து பாதிரி பக்கத்தார் கூட்டம் கேட்டார்கள். எந்தப் பக்கம் குறைகிறதோ அந்தப் பக்கத்துப் பிரசங்கி நவம்பரில் வரும் மார்ட்டின் திருநாளுக்குள் ஊரைவிட்டுப் போக வேண்டும் என்றார்கள்.

எண்ணினார்கள். பாதிரி பக்கம் ஒரு வாசல் கூடுதல்.

பெனெதெக் அந்தப் பக்கம்தான் நின்றிருந்தார், இரண்டு அடுப்புக்கும் சேர்த்து ஒரே குரலோடு.

பின்னால் பெண்கள் நின்ற இடத்திலிருந்து ஓர்ஷிக் சத்தம் கொடுத்தாள். "தலைவரே! எங்க முத்தத்துல ரெண்டு அடுப்பு எரியுது. நீங்க ஒண்ணத்தான் எண்ணியிருக்கீங்க."

ஊர்த்தலைவர் அம்ப்ருஷ் வாயைத் திறக்குமுன் பெனெதெக் முந்திக்கொண்டார். "அடுப்புக்கெல்லாம் குரல் குடுத்தா நாளைக்குக் கோழிக்கூடும் வந்து நிக்கும்! குரல் வேணும்னா வாசல் வச்சுக்க, தாயி."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. ஓர்ஷிக் சிரிக்கவில்லை.

"தலைவரே, எண்ணிக்கை எப்ப முடியும்?"

"சாயங்கால மணி அடிக்கும்போது. அதுதான வழக்கம்."

"அதுக்குள்ள நான் வாசல் வச்சா?"

அம்ப்ருஷ் தாடியைச் சொறிந்தார். "வாசலுக்குத்தான் குரல். வாசலுக்குப் பின்னாடி மீசை இருக்கா முக்காடு இருக்கான்னு வழக்கம் கேட்டதில்ல. ஆனா ஒண்ணு சொல்லிப்புடறேன், ஓர்ஷிக். இன்னிக்கு வச்சுட்டு நாளைக்கு அடைக்க முடியாது. வரி உண்டு. சாலைக்குக் கல் சுமக்கணும். முறை வந்தா ராக்காவலும் போகணும்."

"தெரியும்" என்றாள். பாதிதான் தெரியும். மீதிப் பாதியை நினைக்க அப்போது நேரமில்லை.

வீட்டுக்கு வந்து கோடாலியை எடுத்து, தன் வீட்டுக்கு நேராக இருந்த வேலியில் ஓங்கிப் போட்டாள். எதிர்வீட்டு பிரோஷ்கா வண்டியும் மாடும் கொண்டுவர ஓடினாள். தொழுவத்தின் பின்னால் கருவாலி மரக் கம்பங்கள் இரண்டு கிடந்தன. புருஷன் என்றைக்கோ வெட்டிப் போட்டவை. மாத்தே வந்து அவள் கையைத் தடுத்தான்.

"எங்களுக்காக இவ்வளவு சுமையத் தலையில ஏத்திக்காதீங்க அக்கா. நாங்க கிளம்பிடறோம்."

"எங்க கிளம்புவீங்க? தோர்கா வயித்தப் பாரு. மலையப் பாரு." மூச்சு வாங்கியது அவளுக்கு. "அப்புறம், உங்களுக்காக மட்டும்னு யாரு சொன்னா? நானும் இந்த ஊர்லதான் இருக்கேன். கம்பத்தப் புடி."

பிடித்தான். கம்பம் ஒரு பக்கம் போனது, அவன் ஒரு பக்கம் போனான்.

"அட ராசா!" பிரோஷ்கா தலையில் அடித்துக்கொண்டாள். "சொர்க்கத்துக்கு வழி காட்டற ஆளுக்குக் குழிக்கு வழி தெரியலயே!"

புல் ஏற்றிய வண்டி முதல் தடவை வந்தபோது சக்கரக்குடம் இடப்பக்கக் கம்பத்தில் இடித்து நின்றது. கம்பத்தை நகர்த்தி நட்டார்கள். இரண்டாம் தடவை கம்பமே உள்பக்கம் சாய்ந்தது. அதற்குள் ஊர் முழுக்கத் தெருவில் கூடிவிட்டது. வெயில் கோபுரத்தைவிட்டு இறங்கிக்கொண்டிருந்தது. ஓர்ஷிக் மண்ணை மிதித்து மிதித்து இறுக்கினாள். கம்பம் நிற்கவில்லை.

பெனெதெக் தன் வீட்டுப் படியில் உட்கார்ந்து ஆப்பிளுக்குத் தோல் சீவிக்கொண்டிருந்தார். சீவினாரே தவிர ஒரு துண்டும் வாயில் போடவில்லை. திடீரென்று எழுந்து வந்தார்.

"என்ன மச்சான், சிரிச்சுட்டுப் போக வந்தீங்களா?" என்றாள் ஓர்ஷிக்.

"எங்க சிரிக்கிறது? வயிறு எரியுது. எங்கப்பன் போட்ட வேலியில இப்படியொரு கோணக் கம்பமா? போறவன் வர்றவன்லாம் பெனெதெக் வீட்டு வேலின்னுதான சொல்லுவான்! குழி ஆழமே பத்தல. அடியில கல்லு போட்டு இறுக்கணும்னு ஒருத்தருக்குமா தெரியல? குடு இப்படி." கடப்பாரையைப் பிடுங்கிக்கொண்டார்.

கூட்டத்திலிருந்து அவர் பக்கத்து ஆள் ஒருவன் கத்தினான். "யோவ் பெனெதெக், உனக்குக் கிறுக்கா புடிச்சிருக்கு? அந்தக் கம்பம் நின்னா நாம கெட்டோம்யா!"

ஓங்கிய கடப்பாரை அப்படியே நின்றது. எதையாவது சொல்லி இவரைப் போகவிடாமல் வேலையில் பிடித்துவைக்கலாமா என்று ஓர்ஷிக்கின் மனம் ஓடியது. அழுதால் ஒருவேளை இரங்குவார். ஆனால் வாயில் வந்தது வேறு.

"அவர் சொல்றது நெசந்தான் மச்சான். இது நின்னா என் குரல் உங்களுக்கு எதிராத்தான் போகும். மறைக்க மாட்டேன்."

பெனெதெக் அவளைப் பார்த்தார். வேலிக்குள் இடுப்பில் கைவைத்து நின்ற தோர்காவைப் பார்த்தார். பிறகு சாய்ந்து கிடந்த கம்பத்தைப் பார்த்தார். அதைத்தான் அதிக நேரம் பார்த்தார்.

"எதிராப் பேசறது உன் பாடு" என்றார் கடைசியில். "ஆனா சாமி பக்கம் ஜெயிச்சது ஒரு கம்பம் கோணினதாலதான்னு நாளைக்கு எவனும் பேசக் கூடாது. அப்படி ஒரு ஜெயிப்பு எனக்கு வேண்டாம். கல்லு எடுத்துப் போடு, பிரசங்கி. பெரிசாப் பாத்து எடு. அது கல்லா? நெல்லிக்காய்!"

கம்பம் நின்றது. வண்டி உள்ளே போனது, ஒரு புல்லும் உதிராமல்.

மணி அடிப்பதற்குள் அம்ப்ருஷ் மறுபடி எண்ணினார். இரண்டு பக்கமும் சமம். இப்படி ஒன்று நடக்குமென்று அந்த ஊர் கனவில்கூட நினைத்ததில்லை. ஆளாளுக்குக் கத்தினார்கள். அம்ப்ருஷ் தடியைத் தரையில் தட்டினார்.

"கொறஞ்ச பக்கத்து ஆளத்தான் அனுப்பலாம்னு பேச்சு. எந்தப் பக்கமும் கொறயல. அப்ப யாரையும் அனுப்ப எனக்கு அதிகாரம் இல்ல."

"கோயில் யாருக்கு?" என்று நாலு பேர் ஒரே குரலில் கேட்டார்கள்.

அதுவரை வாயே திறக்காத லோரின்ட்ஸ் சாமி மெல்ல முன்னால் வந்தார். கிழவருக்கும் மாத்தேவுக்கும் அதுநாள்வரை முகம் கொடுத்துப் பேச்சில்லை. இப்போதும் அவர் மாத்தேவைப் பார்க்கவில்லை. கோயிலைப் பார்த்துத்தான் சொன்னார். "காலையில எனக்கு வேணும். மத்தியானத்துக்கு மேல எனக்கு முட்டி வலி. கோயில் சும்மாத்தான் கெடக்கு."

எல்லோருக்கும் இது பிடித்துவிட்டது என்று சொல்ல முடியாது. ஒரு குடும்பம் கோபித்துக்கொண்டு அடுத்த ஊருக்கே போய்விட்டது. புது வாசலில் எவனோ சாணியை அப்பிவிட்டுப் போனான். முதல் ராக்காவலன்று, கையில் ஈட்டியோடு பனியில் நடந்த ஓர்ஷிக், தன் வாயைத் தானே திட்டிக்கொண்டாள். ஆனால் மறுமாதம் சாலைப் பேச்சு வந்தபோது பெண்கள் கூட்டத்தை விட்டு முன்னால் வந்து நின்றாள். யாரும் சிரிக்கவில்லை.

தோர்காவுக்கு ரொட்டி அடுப்பின் கதகதப்பில் பெண் குழந்தை பிறந்தது.

குழந்தையைப் போர்த்தி எடுத்துக்கொண்டு தோர்காவும் ஓர்ஷிக்கும் முதன்முதலாகக் கோயிலுக்குப் போன ஞாயிற்றுக்கிழமை நல்ல குளிர். காலைப் பூசை நீண்டு மத்தியானத்தில் முடிந்து ஒரு பாதி ஊர் வெளியே வந்துகொண்டிருந்தது, மறு பாதி உள்ளே போய்க்கொண்டிருந்தது. வாசற்படியில் நெரிசல். யாரும் யாருக்கும் வழிவிடுகிற மாதிரி இல்லை. உள்ளே பெனெதெக் மட்டும் தன் இடத்தைவிட்டு எழாமல் உட்கார்ந்திருந்தார். ஓர்ஷிக் பக்கத்தில் வந்ததும்தான் எழுந்தார்.

"உக்காரு" என்றார் முறைப்பாக. "பலகையச் சூடு பண்ணி வச்சிருக்கேன். உங்க ஆளு பேச ஆரம்பிச்சா நிறுத்த மாட்டானே, ஆறிடப்போகுது."

ஓர்ஷிக் உட்கார்ந்தாள். சூடாகத்தான் இருந்தது. குழந்தைக்காரிக்கும் கொஞ்சம் இடம்விட்டு நகர்ந்துகொண்டாள்.