ஆறில் நிற்க வேண்டிய முள்

அந்தக் குடிநீர் நிலையத்தில் பதினோரு வருஷமாகத் தண்ணீரில் குளோரின் மருந்து கலக்கும் பம்பை ஓட்டுகிறவள் என்பதால் எல்லோருக்கும் அவள் பம்பக்கா. பம்பு இருப்பது நாற்பத்திரண்டு படிக்கு மேலே. ஏறி இறங்கியே முழங்கால் இரண்டும் போய்விட்டன. மேற்பார்வையாளர் பதவி கிடைத்தால் கீழேயே நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்க்கலாம். அதற்காகத்தான் இந்த வயதில் பரீட்சை எழுதினாள்.

கடைசிக் கேள்வி அவள் பம்பைப் பற்றியே வந்திருந்தது. மணிக்கு இறங்கும் மருந்து லிட்டர் என்பது முள் காட்டும் எண்ணைப் போல நான்கு மடங்கு. முள்ளைத் தனியே பிரித்து எழுது, இருபது லிட்டருக்கு எங்கே வைப்பாய்? நான்கை அந்தப் பக்கம் தள்ளி வகுத்தாள். ஐந்து வந்தது. கை சும்மா இருக்குமா? பழக்க தோஷத்தில் ஒன்றைக் கூட்டி ஆறு என்று எழுதிவிட்டு வந்தாள்.

அந்த ஒன்று மேலாளர் செய்த புண்ணியம். மூன்று வருஷத்துக்கு முன் பெரிய அதிகாரிகள் வந்தபோது, பம்பைத் துடைத்துக் காட்டுகிறேன் பேர்வழி என்று முள்ளை வளைத்துவிட்டார். அன்று முதல் அது ஒன்று கூடுதலாகவே காட்டுகிறது. மாற்றச் சொல்லி மூன்று மனு கொடுத்தாள்.

"இப்ப என்ன குடியா முழுகிப்போச்சு? ஒண்ணு கூட்டி வச்சுக்க" என்றார் அவர்.

விடைத்தாளைத் திருத்தியவரும் அவரேதான். அந்த ஒன்றைச் சிவப்பு மையில் சுழித்துத் தப்பு போட்டார். ஒரே மதிப்பெண்ணில் பதவி, அலுவலகத்தில் கோப்பு பார்த்துக்கொண்டிருந்தவனுக்குப் போயிற்று.

முதல் நாள் அவனே மேலே ஏறி முள்ளை ஐந்தில் வைத்துவிட்டு வந்தான். கீழே சோதனைக் குழாயில் தண்ணீருக்கு நிறம் சரியாக ஏறவில்லை.

"அக்கா, கணக்குப்படிதான வச்சேன்? மருந்து பத்தலையே!"

நன்றாக வேண்டும் என்று வாயை மூடிக்கொண்டிருக்க அவளுக்கு ஆசைதான். ஆனால் குடிக்கப்போவது ஊர்.

"ஒண்ணு கூட்டிக்கங்க தம்பி."

அவன் அதைத் தன் அறைச் சுவரில் கொட்டை எழுத்தில் எழுதினான்: முள் = லிட்டர் ÷ 4 + 1. மேலாளர் வந்து பார்த்துவிட்டு அவன் தோளைத் தட்டினார்.

"பாத்தியா, வந்த அன்னிக்கே கண்டுபிடிச்சுட்டான்!"

பக்கத்தில் நின்றவள் சுவரில் இருந்த அந்த ஒன்றை விரலால் தொட்டுக் காட்டினாள்.

"சார், என் பேப்பர்ல இதே ஒண்ணுக்குத்தான தப்பு போட்டீங்க?"

"பரீட்சை வேற, பம்பு வேறம்மா" என்றார் அவர், அவள் முகத்தைக்கூடப் பார்க்காமல். "போ, போய் முள்ளை ஆறுல வை."

கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு படிகளை ஒவ்வொன்றாக எண்ணியபடி ஏறினாள். நாற்பத்திரண்டில் ஒன்றுகூடக் குறையவில்லை.