கண் மூடிக் கேட்டவர்

கதையைச் சொல்லி முடித்தபின் வாயைத் திறக்கக் கூடாது. ஹாலிவுட்டில் கதை விற்கப் போகிற எவருக்கும் இது பாலபாடம். முதலில் பேசுகிறவர் தோற்றார். அதனால் நெட்டி கோவாக்ஸ் மடியில் கைகளைக் கோத்துக்கொண்டு, எதிரே நாற்காலியில் சாய்ந்திருந்த ஆர்வின் ஸாபெலின் 'சரி'க்காகக் கம்மென்று காத்திருந்தாள்.

ஆர்வின் பழைய தயாரிப்பாளர். யானை படுத்தாலும் குதிரை மட்டம் என்பதற்கு அந்த ஊரில் அவர்தான் உதாரணம். கதை பிடித்தால் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். பிடிக்கவில்லையா, பட்டென்று கண்ணைத் திறந்து, "காபி குடிச்சிட்டுப் போம்மா" என்பார். ஊருக்கே தெரிந்த விஷயம். இன்றைக்கு நெட்டியின் கதையில் மீன்பிடிப் படகு கவிழ்கிற இடத்தில் மூடிய கண், கடைசிவரை திறக்கவே இல்லை. அவளுக்கு உள்ளுக்குள் குதியாட்டம்.

குதிக்காமல் என்ன செய்வாள்? வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. பெண் எழுத்தாளரை அந்த வயதுக்கு மேல் ஹாலிவுட் உயிரோடு இருப்பவர்கள் கணக்கிலேயே சேர்ப்பதில்லை. அவள் எழுதியதில் இரண்டே இரண்டு படமாகின. அவற்றையும் வேறு ஆட்கள் மாற்றி மாற்றி எழுதி, கடைசியில் கதையில் வரும் நாயின் பெயர் மட்டும்தான் அவளுடையதாக மிஞ்சியது. "ஆர்வின் ஒருத்தர்தான் பாக்கி. அவரும் கைய விரிச்சிட்டா, இனிமே எனக்குப் போன் பண்ணாத, நெட்டி" என்று ஏஜென்ட்டும் சொல்லிவிட்டார். அதற்கப்புறம் ஃப்ரெஸ்னோ ஊரில் அக்காவின் சோபாக் கடையில் வேலைக்கு நிற்க வேண்டியதுதான்.

கதவைத் தள்ளிக்கொண்டு செயலாளர் பெர்னிஸ் தண்ணீரோடு வந்தாள்.

"என்ன, முடிஞ்சுதா?"

நெட்டி உதட்டில் விரலை வைத்தாள். "ஷ்! யோசிக்கிறார்."

பெர்னிஸ் குனிந்து அவர் முகத்தைப் பார்த்தாள். கன்னத்தைத் தொட்டாள். தம்ளர் கீழே விழுந்தது.

"இவர் யோசிக்கலடி, பாவி! போயிட்டார்!"

நெட்டிக்கு அது காதில் விழுந்தது, மண்டைக்குள் ஏறவில்லை. ஆம்புலன்ஸ் ஆட்கள் வந்து அவரைத் தரையில் கிடத்தி நெஞ்சை அமுக்கிப் பார்த்து, பயனில்லை என்று கையை எடுத்துவிட்டார்கள். அவர்களில் ஒருவன் அவள் பக்கம் திரும்பினான்.

"கடைசியா எப்ப பேசினார்?"

"படகு கவிழறப்ப 'ம்'னார். அப்புறம் கோர்ட்டு சீன், அதுக்கப்புறம் பொண்ணு கல்யாணம்…"

"அம்மா, கதை வேணாம். நேரம் சொல்லுங்க."

"அரைமணி இருக்கும்."

அவன் தன் கூட்டாளியைப் பார்த்தான். அந்தப் பார்வையில்தான் அவளுக்கு உறைத்தது.

"அப்பவே கவனிச்சிருந்தா…?"

"அதெல்லாம் இப்பக் கேக்காதீங்க."

நடுவில் ஒருமுறை ஆர்வின் கையை உயர்த்தியது நினைவுக்கு வந்தது. மனிதர் உருகிவிட்டார் என்று நினைத்து, இவள் இன்னும் குரலை ஏற்றி, கண்ணீர் விட்டு, எழுந்து நின்று நடித்தே காட்டியிருந்தாள். ஒரு மனிதன் கண்ணெதிரே செத்துக்கொண்டிருக்க, அவனுக்குக் கல்யாணக் காட்சி சொல்லியிருக்கிறாள்!

மகன் லயனல் டென்னிஸ் உடுப்போடு ஓடி வந்தான். கம்பெனி இனி அவனுடையது. அப்பாவின் காலைப் பிடித்துக்கொண்டு கேவினான். நடிப்பல்ல, நிஜ அழுகை. பிறகு தலை நிமிர்ந்தான்.

"உங்க கதைக்கு அப்பா சரின்னாரா? அத மட்டும் சொல்லுங்க. சரின்னிருந்தா அந்தப் படத்த நான் எடுத்தே தீருவேன். அப்பா பேச்ச நான் தட்ட மாட்டேன்."

ஒரே ஒரு வார்த்தை போதும். இல்லையென்று சொல்ல அங்கே ஆளில்லை. சோபாக் கடை அவள் கண்முன் வந்து போனது. ஆனாலும் அந்தப் பொய் தொண்டையைத் தாண்டவில்லை.

"அவர் கேக்கவே இல்ல, லயனல். உயிர் போனதுகூடத் தெரியாம நான்பாட்டுக்குச் சொல்லிட்டே இருந்தேன். கையத் தூக்கினார். கதை பிடிச்சுப்போச்சுன்னு நெனச்சிட்டேன். எல்லாம் முடிஞ்சும், 'சரி'ன்னு சொல்லுவார்னு காத்துட்டு உக்காந்திருந்தேன்."

அடிப்பான் என்று எதிர்பார்த்தாள். அடித்தால் நன்றாக இருக்கும் என்றுகூட இருந்தது. அவனோ கண்ணைத் துடைத்துக்கொண்டு அவளையே உற்றுப் பார்த்தான்.

"இத வேற யார்கிட்டயாவது சொன்னீங்களா?"

"இல்ல."

"சொல்லாதீங்க. அந்தப் படகுக் கதையத் தூக்கிக் கடல்ல போடுங்க, இதுதான் படம்! செத்த மனுஷனுக்குக் கதை சொல்ற பொம்பள. அந்தக் கையத் தூக்கற எடம் இருக்கே… அய்யோ! நான் வாங்கிக்கறேன். இப்பவே."

ஸ்ட்ரெச்சர் இன்னும் வாசலைத் தாண்டவில்லை. அதன் சக்கரம் கம்பளத்தில் சிக்கி, ஆட்கள் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்கள். எரிகிற வீட்டில் பிடுங்கினது லாபம் என்பார்கள். இவன் எரிவது சொந்த வீடு என்றுகூடப் பார்க்கவில்லை. பெர்னிஸ் அப்படியே சுவரோடு சாய்ந்துவிட்டாள். நெட்டிக்கு அவன் முகத்தில் காறித் துப்ப வேண்டும் போலிருந்தது. அதற்காகத்தான் வாயைத் திறந்தாள்.

"எழுதறது நான்தானே?" என்று கேட்டது அந்த வாய். "நடுவுல வேற ஆளப் போட்டுட மாட்டீங்களே?"