நான்காம் மாடியின் தரை

நகராட்சி அலுவலகத்தின் நான்காம் மாடி கட்டப்படவே இல்லை. ஆனாலும் ஒன்பது ஆண்டுகளாக அதிகாரிகள் அங்கே நாற்காலி போட்டு உட்கார்ந்து, தேநீர் குடித்து, கையெழுத்துப் போட்டுவந்தார்கள். ஒப்பந்ததாரர் மூன்றாம் மாடியோடு செங்கல்லை நிறுத்திக்கொண்டு, மிச்சத்தைக் காகிதத்திலேயே எழுப்பியிருந்தார். திறப்பு விழாவன்று பெரிய மனிதர்கள் ஏறி நின்று பாராட்டிவிட்டதால், அந்த மாடியும் வேறு வழியில்லாமல் நின்றுவிட்டது.

தரைத்தளத்தில் டெலிபோன் இணைப்புக் கொடுக்கும் அம்மாவுக்கு இது தெரியாது. மேலே போக அவருக்கு வேலை வந்ததில்லை. பிறவியிலேயே பார்வையில்லாதவர். நாக்கைச் சொடுக்குவார், திரும்பி வரும் ஒலியை வைத்து எதிரில் இருப்பது கதவா, பீரோவா, தலைமை எழுத்தரின் தொப்பையா என்று கண்டுகொண்டு, கோலில்லாமல் விறுவிறுவென்று நடப்பார். அது தலைமை எழுத்தரின் கண்ணை உறுத்தியது. பார்வையற்றோருக்கென்று ஒதுக்கிய அந்த வேலையைத் தன் மச்சினிக்கு வாங்கித்தர அவர் தவம் கிடந்தார். மச்சினிக்குக் கண் பளிச்சென்று தெரியும். தெரியாது என்பதற்குச் சான்றிதழ் தயாராக இருந்தது. ‘டெலிபோன் அம்மாவுக்குப் பார்வை நன்றாகவே இருக்கிறது’ என்று ஒரு மொட்டைக் கடிதம் போட்டார். படுத்த படுக்கையாய்க் கிடந்த கணவருக்கும் அம்மாவுக்கும் அந்த வேலைதான் சோறு போட்டது.

விசாரணைக் குழு நான்காம் மாடியில் கூடியது. அம்மாவை மேலே வரச் சொன்னார்கள்; பியூன் துணைக்கு வந்தார். படிக்குப் படி நாக்கைச் சொடுக்கியபடி அம்மா தடுமாறாமல் ஏறிவருவதைப் பார்த்த குழுத் தலைவர், வேலையைப் பறிக்கப் பேனாவைத் திறந்தேவிட்டார். கடைசிப் படியில் அம்மா சொடுக்கினார். ஒன்றும் திரும்பி வரவில்லை. மறுபடி சொடுக்கினார். தரையில்லை, சுவரில்லை, குழுவுமில்லை. அவர் அந்தப் படியிலேயே நின்றுகொண்டார்.

“உள்ள வாங்கம்மா, நாற்காலி போட்டிருக்கு” என்றார் தலைவர்.

“எங்க போட்டிருக்கீங்க ஐயா? இதுக்கு மேல மாடியே கட்டலையே.”

“அப்போ நாங்க எதுமேல உட்கார்ந்திருக்கோம்?”

“அதைத்தாங்க நானும் யோசிக்கிறேன்.”

பியூன் மட்டும் குனிந்து பார்த்துவிட்டுச் சட்டென்று நிமிர்ந்துகொண்டார். ஓய்வுபெற அவருக்கு இன்னும் இரண்டு ஆண்டுகள் இருந்தன. குழு விழுந்து விழுந்து சிரித்தது. ஒருவரும் கீழே விழவில்லை. பிறகு தலைவர் எழுதினார்: ‘எல்லோர் கண்ணுக்கும் பளபளவென்று தெரியும் தரை இவருக்குத் தெரியவில்லை. முழுப் பார்வையற்றவர். வேலையில் தொடரலாம்.’

பியூன் படித்துக்காட்டி நீட்டிய காகிதத்தை வாங்கியபோது அம்மாவுக்கு அழுகையும் எரிச்சலும் சேர்ந்தே வந்தன. உள்ளதைச் சொன்னதற்குக் குருடிப் பட்டம். ஆனாலும் வேலை தப்பியது. அடுத்த ஆண்டு தலைமை எழுத்தர் பதவி உயர்வு பெற்று நான்காம் மாடிக்குப் போனார். அவரைக் கேட்டு யாராவது அழைத்தால் அம்மா இணைப்புக் கொடுக்கிறார். அவரும் எடுத்துப் பேசுகிறார்.