நாலு மணிக் கேள்விகள்

கெங்கம்மா எழுந்துபோய் மேளக்காரரின் கையைப் பிடித்தாள்.

"நாலு மணிக்கு நிறுத்திடுங்க. ஒரு அரை மணி நேரம். அப்பால எவ்ளோ வேணா அடிங்க."

புருஷன் செத்து ஐந்து மணி நேரம்கூட ஆகவில்லை. கூடியிருந்தவர்கள் அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள். பார்த்தால் பார்க்கட்டும் என்றிருந்தது அவளுக்கு.

மகள் பூவம்மா காலையிலேயே டீச்சரோடு ரேடியோ நிலையத்துக்குப் போய்விட்டாள். பிள்ளைகளை வரிசையாக உட்காரவைத்துக் கேள்வி கேட்கும் நிகழ்ச்சி, நாலு மணிக்கு நேரடியாக ஒலிபரப்பாகும். ராயபுரத்திலிருந்து இவள் ஒருத்திதான். அவள் தெருமுனை தாண்டிய பிறகுதான், துறைமுகத்தில் மூட்டை தூக்கும் கோதண்டம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார்.

"பொண்ணாண்ட ஆள அனுப்பு கெங்கா," என்றார் செத்தவரின் அண்ணன் கிருஷ்ணப்பன். "அப்பன் இங்க கெடக்கறான், அது அங்க குந்திகினு பதில் சொல்லிகினு இருந்தா ஊரு காறித் துப்பும்."

"துப்பட்டும் மாமா. முடிச்சிட்டு வரட்டும். அழறதுக்கு அதுக்கு நெறைய நாள் கீது. வந்து மூஞ்சப் பாத்தப்புறம் தூக்கலாம்."

ஒரு மாதமாகக் கோதண்டத்துக்கு வேறு பேச்சே இல்லை. எழுத்து தெரியாத மனிதர். டீக்கடையில் யாரையாவது பேப்பர் படிக்கச் சொல்லிக் கேள்வி பொறுக்கிக்கொண்டு வருவார். மகள் என்ன சொன்னாலும் "கரீட்டு" என்று தொடையில் தட்டுவார். பதில் சரியா என்று அவருக்கு எப்படித் தெரியும்!

நாலு மணிக்கு மேளம் நின்றது. எதிரே பார்க்கில், தெருவுக்கே ரேடியோ ஒலிக்கும் கம்பத்து ஸ்பீக்கரில் சத்தமே இல்லை. தினமும் காதைக் கிழிக்கிற சனியன் இன்றைக்குப் பார்த்து ஊமையாகிவிட்டது. கெங்கம்மா தலைவிரி கோலமாகத் தெருவைத் தாண்டி ஓடினாள்.

பார்க்குக் காவல்காரன் மஜீது ரேடியோ அறையைப் பூட்டிவிட்டு வாசலில் நின்றிருந்தான்.

"எதிர்ல எழவு வூடு. பாட்டு போட்டா மரியாதையா இருக்காதுன்னு நிறுத்திட்டேன்க்கா."

"போடு மஜீது."

"அக்கா, நாலு பேரு இன்னா சொல்லுவாங்க..."

"எம் பொண்ணு பேசுது. போடு."

அவனுக்கு முகம் செத்துவிட்டது. பூட்டைத் திறந்து உள்ளே ஓடினான்.

அவள் வீடு திரும்பியும் வால்வு ரேடியோ சூடேறிப் பேசத் தொடங்கவில்லை. கடைசியில் கரகரத்தது. யாரோ ஒரு பையனுக்குக் கைதட்டல். பிறகு பூவம்மாவின் பெயர்.

"வீட்ல யாரும்மா கேட்டுக்கிட்டு இருக்காங்க?"

"எங்க நைனா. பார்க்குல முன்னாடி குந்திகினு கேப்பாரு."

கூட இருந்த பிள்ளைகள் சிரித்தார்கள். இங்கே கிருஷ்ணப்பன் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார்.

முதல் கேள்வி வந்தது. தாடை தொங்காமலிருக்கக் கோதண்டத்தின் தலையைச் சுற்றித் துணி கட்டியிருந்தார்கள். கெங்கம்மா பக்கத்தில் உட்கார்ந்து, அது காதை மூடியிருந்த இடத்தில் மட்டும் கொஞ்சம் விலக்கிவிட்டாள்.