கனகம் மோட்டாரை நிறுத்தினாள்

எனக்கும் கனகத்துக்கும் ஆகாது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தக் கதையே அதில்தான் நிற்கிறது. அவள் வீட்டுத் தென்னை மட்டை என் மில்லின் தகரக் கூரையில் விழும். நான் தெருவில் நின்று கத்துவேன். அவள் மொட்டை மாடியில் நின்று பதிலுக்குக் கத்துவாள். ஏழு வருஷமாக எங்களுக்குள் பேச்சுவார்த்தை என்றால் அதுதான். அப்பேர்ப்பட்டவளுக்கு நன்றி சொல்லத்தான் இன்றைக்கு உட்கார்ந்து இதை எழுதுகிறேன். படித்தால் தலைகால் தெரியாமல் ஆடுவாள். ஆடட்டும்.

நான் சாந்தாமணி. மேட்டுப்பாளையம் ரோட்டோரத்தில் ஒரு ஊரில் மாவு மில் வைத்திருக்கிறேன். வீட்டுக்காரர் காலமான பிறகு மில்லை நான்தான் ஓட்டுகிறேன். மகன் சரவணம்பட்டியில் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிறான். அரைக்கிற மெஷின் பக்கத்திலேயே நின்று பேசிப் பேசி என் குரல் அப்படி ஆகிவிட்டது. மெதுவாகப் பேசு என்றால் எனக்கு வராது. வாயும் கொஞ்சம் நீளம். பால் சொசைட்டிக்காரரிலிருந்து பஸ் கண்டக்டர் வரைக்கும் என்னிடம் வம்பு வைத்துக்கொள்ள யோசிப்பார்கள். அதில் எனக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

இப்போது எங்கள் பக்கம் எந்த ஊர் நோம்பிக்கு, அதாவது கோயில் திருவிழாவுக்குப் போனாலும் வள்ளி கும்மிதான். வாத்தியார் நடுவில் நின்று பாட, பெண்கள் வட்டமாகச் சுற்றிக் கை தட்டி ஆடுவோம். எங்கள் ஊரிலும் மாரியம்மன் கோயில் மைதானத்தில் சாயங்காலம் பழக ஆரம்பித்தோம். நோம்பியன்று ஒரே நிறச் சேலை கட்டி அரங்கேற்றம். பழக்கிவிட வந்தவர் பாலகோபால் என்கிற வெளியூர்க்காரர். காசு வாங்காமல் சொல்லித் தருகிறார் என்று ஊரே அவரைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டது. அரங்கேற்றத்தன்று அவருக்கு மாலை போட்டு, ஆடுகிறவர்கள் எல்லோரும் காலில் விழுந்து ஆசீர்வாதம் வாங்கிய பிறகுதான் ஆட்டம் தொடங்கும். விழுவதற்கு நானும் தயாராகத்தான் இருந்தேன்.

ஒரு மத்தியானம், கரண்ட் இல்லாத நேரம், சேலை நிறம் பற்றிப் பேச வேண்டும் என்று அவர் மில்லுக்கு வந்தார். ஷட்டரை இறக்கினார். அதற்கு மேல் இங்கே எழுத மாட்டேன். சொல்ல வேண்டிய இடத்தில் சொல்லியிருக்கிறேன், கோர்ட்டில் கேட்டாலும் சொல்வேன். இங்கே ஒன்றை மட்டும் சொல்கிறேன். அன்றைக்கு நான் கத்தவில்லை.

அதற்கப்புறம் முட்டி வலி என்று சொல்லி கும்மிக்குப் போவதை நிறுத்தினேன். யாரிடம் போய்ச் சொல்வது? தெருவையே இரண்டாக்குகிற வாயாடி, அவளிடமா ஒருத்தன் வாலாட்டுவான் என்று சிரிப்பார்கள். அதுகூடப் பரவாயில்லை. நோம்பி நெருங்க நெருங்க எனக்குச் சோறு இறங்கவில்லை. அந்த ஆளுக்கு மாலை விழப் போகிறது, பள்ளிக்கூடம் போகிற பெண் பிள்ளைகளெல்லாம் அவன் காலைத் தொடப் போகிறார்கள், நான் மில்லுக்குள் உட்கார்ந்து மைக் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருக்கப் போகிறேன்.

அப்போதுதான் கனகம் மிளகாய் அரைக்க வந்தாள். சண்டை போட்டாலும் மில்லுக்கு என்னிடம்தான் வருவாள், ஊரில் வேறு மில் கிடையாது.

"ஏம்மா மகாராணி, கும்மிக்கெல்லாம் வர மாட்டீங்களோ? வட்டத்துல எம் பக்கத்துல ஒரே ஓட்டையா நிக்குது" என்று ஆரம்பித்தாள்.

"முட்டி வலி."

"முட்டி வலியா? அப்ப நேத்துக் கூரை மேல ஏறி மட்டையைத் தூக்கி எங்க ஊட்டுக்குள்ள வீசுனது ஆரு?"

வழக்கம்போல் நான்கு வார்த்தை விட வேண்டும் என்றுதான் வாயைத் திறந்தேன். வந்தது வேறு. "அந்த வாத்தியாரு..." என்று ஆரம்பித்தவள் அப்படியே நின்றுவிட்டேன். மெஷின் சத்தத்தில் அவளுக்குக் கேட்கவில்லை. "என்ன?" என்று காதைக் கிட்டே கொண்டுவந்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்தாள். நேராகப் போய் மோட்டாரை நிறுத்தினாள். மிளகாய் பாதி அரைந்தும் அரையாமலும் கிடந்தது.

"இப்பச் சொல்லு" என்றாள்.

சொன்னேன். கோர்வையாக வரவில்லை. நடுவில் ஒருவர் ராகி மூட்டையோடு வந்து எட்டிப் பார்த்தார். "மில்லு ரிப்பேருங்க, நாளைக்கு வாங்க" என்று என் கடைக்கு வந்த கிராக்கியை என்னைக் கேட்காமலே திருப்பி அனுப்பினாள். மறுபடி வந்து எதிரே மூட்டை மேல் உட்கார்ந்தாள். ஏன் அன்றைக்கே சொல்லவில்லை, ஏன் உள்ளே விட்டாய், ஏன் கத்தவில்லை என்று கேட்பாள் என்று நான் காத்துக்கொண்டே இருந்தேன். கேட்டிருந்தால் வெளியே போடி என்று துரத்தியிருப்பேன், ஜென்மத்துக்கும் யாரிடமும் சொல்லியிருக்க மாட்டேன். அவள் ஒன்றும் கேட்கவில்லை. நான் நிறுத்தினால் அவளும் சும்மா இருந்தாள். நான் தொடங்கினால் தலையை ஆட்டினாள். புண்ணியவதி, அன்றைக்கு அவள் வாயை மூடிக்கொண்டிருந்ததுதான் என்னை வாழ வைத்தது.

முடித்ததும் சொம்பில் தண்ணீர் கொடுத்தாள். "எம் மவளையும் அந்த ஆளு முன்னாடிதான கொண்டுபோய் நிறுத்துனேன்" என்றாள். பிறகு, "உனக்கு என்ன பண்ணோணும்னு தோணுது? நீ சொல்லாம நானா ஒரு அடி எடுத்து வெக்க மாட்டேன்" என்றாள்.

"அவனுக்கு மாலை உழுகக் கூடாது. அப்புறம் போலீசுக்குப் போகோணும். ஆனா என்னைய ஆரு நம்புவா?"

"அதுக்குத்தான் நான் வாரேன்" என்றாள். எனக்கு அப்போது புரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கோயில் மண்டபத்தில் நோம்பிக் கமிட்டி கூடியது. கும்மி ஆடும் பெண்களும் வந்திருந்தோம். வாத்தியார் அன்றைக்கு வேறு ஊருக்குப் போயிருந்தார். கமிட்டித் தலைவர் குமாரசாமி, பாக்கு வியாபாரி. தங்கமான மனுஷன், அதிர்ந்து பேச மாட்டார். அவருடைய அம்மா நாச்சியம்மாளும் தூணோரம் உட்கார்ந்திருந்தார். கும்மி பழகுவதைப் பார்க்கத் தினமும் வருகிறவர், வந்தால் ஒரு வார்த்தை பேசாமல் பார்த்துவிட்டுப் போய்விடுவார்.

நான் எழுந்து சொன்னேன். சுருக்கமாகத்தான் சொன்னேன். முடிப்பதற்குள் ஒருவர், "வாத்தியாரு அப்படியாப்பட்ட ஆளில்லீங்களே" என்றார். இன்னொருவர், "ஏதாச்சும் மனஸ்தாபமா இருக்குமுங்க" என்றார். அப்போது கனகம் எழுந்தாள்.

"எனக்கும் இவளுக்கும் ஏழு வருசமா ஆகாது. இது இங்க ஆருக்குத் தெரியாது? ரெண்டு தடவை நீங்களே பஞ்சாயத்துப் பண்ணி உட்டிருக்கறீங்க. இவ மில்லு நொடிச்சுப் போகோணும்னு நான் வேண்டாத சாமி இல்ல. அப்படியாப்பட்ட நானே சொல்றனுங்க, இவ சொல்றது நெசம். இவளுக்காகப் பொய் சொல்லோணும்னு எனக்கென்ன தலையெழுத்தா?"

பத்து சிநேகிதிகள் வந்து எனக்காக அழுதிருந்தாலும் அப்படி எடுபட்டிருக்காது. சிநேகிதி சொன்னால் பாசத்தில் சொல்கிறாள் என்பார்கள். ஆகாதவள் சொன்னால் என்ன சொல்வது? ஏழு வருஷச் சண்டையை மொத்தமாக எடுத்து எனக்காகச் சபையில் வைத்துவிட்டாள். மில் நொடித்துப்போக வேண்டிக்கொண்டதை மட்டும் நான் இன்னும் மறக்கவில்லை.

குமாரசாமி நெற்றியைத் தடவிக்கொண்டார். "ஏனுங்க அம்மணி, தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க பேசுனா பஸ் ஸ்டாப்பு வரைக்கும் கேக்குமுங்க. அன்னைக்கு ஒரு சத்தம் போட்டிருந்தீங்கன்னா நாங்கெல்லாம் ஓடி வந்திருக்க மாட்டமுங்களா?" அவர் மடக்கக் கேட்கவில்லை. நிஜமாகவே அவருக்குப் புரியவில்லை.

எத்தனை நாளாக எனக்குள்ளேயே ஓடிய கேள்வி அது. "வரலீங்க" என்றேன். "வாயைத் தொறந்தேன். சத்தம் வரலீங்க."

"எனக்கும் வரல சாமி."

யார் பேசியது என்று எல்லோரும் திரும்பினோம். நாச்சியம்மாள். தூணைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றிருந்தார்.

"அம்மா?" என்றார் குமாரசாமி.

"ஆமா சாமி. அப்ப நான் சின்னப் புள்ள. எனக்கும் சத்தம் வரல. அதுக்கப்புறமும் வரல. இந்தப் புள்ளைக்கு இன்னைக்காச்சும் வந்துச்சே" என்று சொல்லி, மெல்ல நடந்து வந்து என் பக்கத்தில் நின்றுகொண்டார்.

குமாரசாமி போனை எடுத்து வாத்தியாரைக் கூப்பிட்டார். "இனிமே நீங்க எங்க ஊருப் பக்கமே வர வேண்டாமுங்க. மிச்சத்த நாளைக்குப் போலீசுல பேசிக்கலாமுங்க." எங்கள் ஊர் மரியாதை அப்படி. செருப்பால் அடிப்பதானாலும் 'ங்க' போட்டுத்தான் அடிப்போம். வாத்தியார் பெயர் போட்டு அச்சாகியிருந்த அழைப்பிதழ்களை அப்படியே ஓரமாகத் தள்ளினார். வாத்தியார் இல்லாமல் அரங்கேற்றம் எப்படி என்று யாரோ இழுத்தார்கள். "பாட்டு எங்களுக்கே தெரியும்" என்று வட்டத்தில் ஆடும் பெண்கள் நான்கைந்து பேர் ஒரே நேரத்தில் சொன்னார்கள். கும்பிடத் தோன்றியது எனக்கு. கும்பிட்டேன்.

மறுநாள் மேட்டுப்பாளையத்து மகளிர் போலீஸ் ஸ்டேஷனுக்குக் குமாரசாமியே தன் காரில் கூட்டிப் போனார். நானும் கனகமும் பின்னால். நாச்சியம்மாள் தானும் வருவேன் என்று பிடிவாதமாக ஏறி, மகனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். புறப்பட்டுக் கொஞ்ச தூரம் போனதும் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே பேச ஆரம்பித்தார்.

பாக்குத் தோப்பு, அவருடைய பெரியப்பா வீடு, ஆள் யார் என்பது, எல்லாவற்றையும் சொன்னார். அந்தப் பெயரை எழுத எனக்கு உரிமை இல்லை. நடுவே வேறு எதற்கோ போவார், அந்த வருஷத்து மழை, செத்துப்போன ஒரு எருமை, பிறகு தானே திரும்பி வருவார். குமாரசாமி காரில் ஓடிக்கொண்டிருந்த பாட்டை நிறுத்தினார். வேகத்தைக் குறைத்தார். கண்ணாடியில் அவர் கண் தெரிந்தது, கலங்கிப் போயிருந்தது. ஆனால் ஒரு கேள்வி கேட்கவில்லை. ஏன் சத்தம் போடவில்லை என்று முந்தின நாள் என்னைக் கேட்ட மனுஷன்தான்.

மேட்டுப்பாளையம் வந்தது. ஸ்டேஷனும் வந்தது. கார் நிற்கவில்லை. பஸ் ஸ்டாண்டு, உருளைக்கிழங்கு மண்டி எல்லாம் கடந்து ஊட்டி ரோட்டில் போய்க்கொண்டிருந்தது. "ஸ்டேஷன் தாண்டிப்போச்சு" என்று கனகம் என் காதில் சொன்னாள். "தெரியும், பேசாம இரு" என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

கல்லாறு கிட்டே வந்ததும்தான் நாச்சியம்மாள் நிமிர்ந்து வெளியே பார்த்தார். எதிரே மலை நின்றது.

"எங்க சாமி போறோம்? பாவம், இவிய வேலை கெடுதே" என்றார்.

நான் முன்னால் குனிந்து, "எனக்கு ஒண்ணும் அவசரமில்லீங்க ஆத்தா" என்றேன். என் வாழ்நாளிலேயே மெதுவாக நான் பேசியது அதுவாகத்தான் இருக்கும்.

"நீ சொல்லும்மா" என்றார் குமாரசாமி. "ரோடு இருக்குது."

நாச்சியம்மாள் மறுபடி தொடங்கினார். கார் மலை ஏறியது. அவர் சொல்லி முடித்த இடத்தில் வண்டியைத் திருப்பிக் கீழே வந்து, நாங்கள் நான்கு பேருமாக ஸ்டேஷனுக்குள் போய் என் புகாரைக் கொடுத்தோம்.